ஓட்டுச் சீட்டில் நீதிபதி பெயர்: 'யெஸ்' போடுவதா, 'நோ' போடுவதா?

பென்சில்வேனியா மாநிலத்தில் ஃபிலடெல்பியாவுக்குப் பக்கத்துப் புறநகர் ஒன்றிலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார். பெயர் போட வேண்டாம் என்கிறார். கடிதம் நாலு பக்கம், தேவையான மட்டும் இங்கே:

"சார், 2025 கோடையில்தான் எனக்கு சிட்டிசன்ஷிப் கிடைத்தது. நவம்பரில் முதல் ஓட்டு, அதுவும் தபாலில். சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து ஆசையாக ஒவ்வொரு கட்டமாகக் கறுப்பாக்கிக்கொண்டே வந்தேன். ஓர் இடத்தில் கை நின்றுவிட்டது. மாநில உச்ச நீதிமன்ற நீதிபதிகள் மூன்று பேர் பெயர், எதிர்த்து நிற்பவர் யாரும் இல்லை, கட்சியும் போடவில்லை, இவரை இன்னொரு தவணைக்கு வைத்துக்கொள்ளலாமா என்று கேட்டு யெஸ், நோ என்று இரண்டு கட்டம். எட்டாவது படிக்கும் என் மகன், 'அம்மா, ஜட்ஜ் என்றால் ஆயுளுக்கும் ஜட்ஜ், ஓட்டெல்லாம் கிடையாது' என்கிறான். எங்கள் வாட்ஸாப் குழுவில் பாதிப் பேர் எல்லாவற்றுக்கும் நோ போடு என்றார்கள், மீதிப் பேர் எல்லாவற்றுக்கும் யெஸ் போடு என்றார்கள். நான் காலியாக விட்டுவிட்டேன். என் ஓட்டு செல்லுமா? இன்னொரு பயம். வீட்டு வேலையைப் பாதியில் விட்டுப்போன கான்ட்ராக்டர்மேல் என் கணவர் போட்ட வழக்கு கவுண்டி நீதிமன்றத்தில் இருக்கிறது. அங்கே இருக்கும் நீதிபதிக்கும் இதே மாதிரி யெஸ், நோ இருந்தது. நோ போட்டிருந்தால் அவருக்குத் தெரிந்துவிடுமா? நம் ஊரில் நீதிபதிக்காக யாரும் ஓட்டுக் கேட்டு வந்ததில்லையே, இங்கே ஏன் இப்படி? அடுத்த தடவை நான் என்ன செய்ய?"

சகோதரி, முதலில் பயத்தை இறக்கி வைத்துவிடுவோம், விவரம் அப்புறம்.

உங்கள் ஓட்டு செல்லும். ஒரு கேள்வியைக் காலியாக விட்டால் அந்தக் கேள்வியில் மட்டும் நீங்கள் கணக்கில் இல்லை, பள்ளி வாரியம் உட்பட மற்றதற்கெல்லாம் நீங்கள் போட்டது எண்ணப்பட்டிருக்கும். தபால் ஓட்டு செல்லாமல் போவது வேறு காரணங்களால். உள்ளே ஒரு ரகசிய உறை கொடுத்திருப்பார்களே, அதில் போடாமல் சீட்டை நேரே வெளியுறைக்குள் வைத்து அனுப்பினால் போச்சு. அதை 2020-இல் உறுதியாகச் சொன்னதே நீங்கள் காலியாக விட்டீர்களே, அதே நீதிமன்றம்தான்.

கணவர் வழக்கு விஷயம். பெயரும் கையெழுத்தும் வெளியுறையில்தான் இருக்கிறது. அதைச் சரிபார்த்துப் பிரித்துப் போட்ட பிறகு உள்ளுறையில் இருப்பது யாருடைய சீட்டு என்று எண்ணுகிறவருக்கே தெரியாது, நீதிபதிக்கு எப்படித் தெரியும்? நிம்மதியாக இருங்கள். ஆனால் வழக்கு நடக்கும்போது அந்த நீதிபதிக்கு நீங்களோ உங்கள் வீட்டுக்காரரோ நேரடியாகக் கடிதம், மின்னஞ்சல் எதுவும் அனுப்ப வேண்டாம். நல்லெண்ணத்தில் அனுப்பினாலும் அது வம்பு.

இப்போது மகன் சொன்னதற்கு வருவோம். பாதி சரி. அவன் பாடத்தில் படித்தது வாஷிங்டனில் நாடு முழுமைக்குமான உச்ச நீதிமன்றத்தில் இருக்கும் ஒன்பது பேரைப் பற்றி. அவர்களை ஜனாதிபதி நியமிப்பார், செனட் ஒப்புதல் தரும், ஆயுள் வரை பதவி. உங்கள் சீட்டில் வந்தது மாநிலத்தின் உச்ச நீதிமன்றம், அது வேறு. நமக்கு உச்ச நீதிமன்றம் என்றதும் டெல்லி ஒன்றுதான் ஞாபகம் வரும், ஏனென்றால் இந்தியாவில் கீழே முன்சீஃப் கோர்ட்டிலிருந்து மேலே டெல்லி வரை ஒரே ஏணி. இங்கே மாநிலத்துக்கு மாநிலம் தனி ஏணி. மாநிலச் சட்டத்துக்கும் மாநில அரசமைப்புக்கும் என்ன பொருள் என்பதில் உங்கள் மாநில உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் சொல்வதுதான் கடைசி வார்த்தை, ஃபெடரல் சட்டமோ ஃபெடரல் அரசமைப்போ உள்ளே வந்தால்தான் வாஷிங்டன் தலையிட முடியும். (பெயரை நம்பியும் ஏமாறாதீர்கள். நியூயார்க்கில் சுப்ரீம் கோர்ட் என்று போர்டு போட்டிருப்பது கீழ்மட்ட விசாரணை நீதிமன்றம், அங்கே உச்சியில் இருப்பதன் பெயர் கோர்ட் ஆஃப் அப்பீல்ஸ். டெக்ஸஸிலும் ஓக்லஹோமாவிலும் சிவிலுக்கு ஒன்று, கிரிமினலுக்கு ஒன்று என்று இரண்டு உச்சி.)

இந்த ஏழு பேர் உங்கள் வாழ்க்கையில் எங்கே வருகிறார்கள் என்று கேட்டால், நீங்கள் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து ஓட்டுப் போட்டதிலேயே வருகிறார்கள். காரணம் சொல்லாமல் யார் வேண்டுமானாலும் தபாலில் ஓட்டுப் போடலாம் என்ற 2019-ஆம் ஆண்டுச் சட்டம் மாநில அரசமைப்புக்கு விரோதம் என்று ஒரு வழக்கு வந்தது, கீழே இருந்த நீதிமன்றம் ஆமாம் என்றது, 2022-இல் இவர்கள் 5-க்கு 2 என்று அதைத் திருப்பிச் சட்டத்தைக் காப்பாற்றினார்கள். 2018-இல் இந்த மாநிலத்தின் காங்கிரஸ் தொகுதி வரைபடத்தையே தூக்கிப் போட்டுவிட்டுப் புது வரைபடம் கொண்டுவந்தார்கள். ஏழை ஊர்ப் பள்ளிகளுக்குக் காசு போதவில்லை என்ற வழக்கைக் கீழே தள்ளுபடி செய்திருந்தார்கள், 2017-இல் இவர்கள்தான் அதற்கு உயிர் கொடுத்தார்கள், 2023-இல் பள்ளி நிதி முறையே அரசமைப்புக்கு விரோதம் என்று தீர்ப்பு வந்தது. ஜனாதிபதி தேர்தலுக்கு விடிய விடிய டிவி பார்க்கிற நம் ஆட்கள் இந்தக் கட்டத்தைக் காலியாக விடுவது எனக்கு எப்போதும் கொஞ்சம் வருத்தம்தான். உங்களைக் குறை சொல்லவில்லை. நானும் வக்கீலாவதற்கு முன்னால் அப்படித்தான் விட்டேன்.

சரி, பென்சில்வேனியாவில் நீதிபதி எப்படி வருகிறார்? முதல் தடவை முழுக்கக் கட்சித் தேர்தல். மே மாதம் கட்சிக்குள் பிரைமரி, நவம்பரில் டெமாக்ரட்டும் ரிபப்ளிகனும் மோதுவார்கள், அதுவும் ஒற்றைப்படை வருடத்தில். தகுதி என்று பார்த்தால் வழக்கறிஞராகப் பதிவு, குடியுரிமை, மாநிலத்தில் ஒரு வருடம் வசித்திருக்க வேண்டும், அவ்வளவுதான். ஜெயித்தால் 10 வருடம். அது முடியும்போது அவர் மறுபடி கட்சிச் சின்னத்தோடு நிற்க வேண்டாம், தொடர விரும்புகிறேன் என்று முன்கூட்டியே எழுதிக் கொடுத்தால் போதும், மக்களிடம் யெஸ், நோ மட்டும் கேட்பார்கள். இதற்குத்தான் ரிட்டென்ஷன் என்று பெயர், தக்கவைப்பு ஓட்டு என்று வைத்துக்கொள்ளுங்கள். 1968-இல் மாநில அரசமைப்பைத் திருத்தியபோது வந்த ஏற்பாடு. பாதிக்கு மேல் யெஸ் என்றால் இன்னும் 10 வருடம், அப்புறம் மறுபடி யெஸ், நோ. இடையில் 75 வயது வந்தால் அந்த வருடம் டிசம்பர் 31-ஆம் தேதி வீட்டுக்குப் போக வேண்டியதுதான். தலைமை நீதிபதியை யாரும் தேர்ந்தெடுப்பதில்லை, தொடர்ச்சியாக அதிக நாள் இருந்தவர் தானாக ஆவார். இப்போதிருக்கும் டெப்ரா டாட் அப்படி 2022-இல் ஆனவர், அந்த நாற்காலியில் முதல் பெண்.

நீங்கள் பார்த்த மூன்று பெயர்கள் கிறிஸ்டீன் டோனஹ்யூ, கெவின் டோர்ட்டி, டேவிட் வெக்ட். மூவரும் 2015-இல் ஒரே தேர்தலில் டெமாக்ரட் பெயரில் வந்தவர்கள், அந்தத் தேர்தலில் எல்லாத் தரப்பும் சேர்ந்து செலவழித்தது ஒன்றரைக் கோடி டாலருக்கு மேல். பத்து வருடம் கழித்து அவர்கள் உங்கள் முன்னால் வந்தார்கள். சாதாரணமாக இந்தக் கேள்வி சத்தமில்லாமல் போய்விடும், 2025-இல் அப்படிப் போகவில்லை. மூவரும் ஒரே கட்சியில் வந்தவர்கள், மூன்று இடமும் ஒரே நாளில் காலியாகலாம் என்றால் யார் சும்மா இருப்பார்கள்? பதவிக்கால வரம்பு வேண்டுமா, நோ போடுங்கள் என்ற தொனியில் துண்டறிக்கைகள் வந்தன, என் வீட்டு மெயில்பாக்ஸிலும் கிடந்தது. அது சாமர்த்தியமான விளம்பரம், உண்மை இல்லை. நோ ஜெயித்தால் ஒரு ஆள் போவார், வரம்பு எதுவும் வராது, அடுத்து வருபவருக்கும் அதே 10 வருடம்தான். யெஸ் பக்கமும் ஒன்றும் சந்நியாசிகள் இல்லை, அங்கேயும் பணம் கொட்டியது. கடைசியில் மூவரும் 60 சதவீதத்துக்கு மேல் யெஸ் வாங்கித் தங்கிவிட்டார்கள். அதில் டோனஹ்யூவுக்கு 2027-இல் 75 ஆகிறது, ஆகவே அவர் வாங்கிய 10 வருடம் உண்மையில் 2 வருடம்.

நோ ஜெயித்திருந்தால் என்ன ஆகும்? இடம் காலி. கவர்னர் ஒருவரைச் சொல்வார், மாநில செனட்டில் மூன்றில் இரண்டு பங்கு ஒப்புக்கொள்ள வேண்டும், அந்த ஆள் அடுத்த ஒற்றைப்படை வருடத் தேர்தல் வரைக்கும் இருப்பார். ஒப்புக்கொள்ளாவிட்டால் நாற்காலி சும்மா கிடக்கும். கற்பனை இல்லை, நடந்தது. 2022 செப்டம்பரில் அப்போதைய தலைமை நீதிபதி மேக்ஸ் பேர் இறந்தார், அந்த இடம் 2024 ஜனவரி வரை காலி. ஆறு பேரை வைத்துக்கொண்டு 2022 நவம்பர் தேர்தலுக்கு ஒரு வாரம் முன்னால், தேதி எழுதாத தபால் ஓட்டு உறைகளை நிராகரிப்பது ஃபெடரல் சட்டத்துக்கு விரோதமா என்ற கேள்வி வந்தபோது 3-க்கு 3 என்று நின்றுபோனார்கள். ஏழு என்று ஒற்றைப்படையில் வைத்ததற்கு ஒரு காரணம் இருக்கிறது.

1968-லிருந்து இன்றுவரை இந்த மாநிலத்தில் உச்ச நீதிமன்ற நீதிபதி ஒருவரை மக்கள் நோ சொல்லி அனுப்பியது ஒரே ஒரு தடவைதான். அந்தக் கதை கொஞ்சம் நீளம், ஆனால் சொல்லியே ஆக வேண்டும். 2005 ஜூலை 7, அதிகாலை 2 மணி. விவாதம் இல்லை, முன்னறிவிப்பு இல்லை, சட்டமன்றத்தினர் தங்களுக்குத் தாங்களே சம்பளத்தை உயர்த்திக்கொண்டார்கள், கூடவே நீதிபதிகளுக்கும். ஊரே கொதித்தது. ஆனால் அந்த நவம்பரில் சட்டமன்றத்துக்குத் தேர்தல் இல்லை, ஒற்றைப்படை வருடம் பாருங்கள். சீட்டில் கைக்கு அகப்பட்டவர்கள் இரண்டு நீதிபதிகள். ரஸல் நைக்ரோ தோற்றார், சாண்ட்ரா ஷுல்ட்ஸ் நியூமன் 54 சதவீதத்தில் தப்பினார். சம்பளச் சட்டத்தைக் கொண்டுவந்தவர்களில் நைக்ரோ இல்லை, மாட்டிக்கொண்டவர் அவர். அதே மாதம் சட்டமன்றம் பயந்துபோய் உயர்வை ரத்து செய்தது. மறு வருடம் அந்த ரத்து நீதிமன்றத்துக்கு வந்தது. பதவியில் இருக்கும் நீதிபதியின் சம்பளத்தைக் குறைக்க அரசமைப்பு இடம் தராது, ஆகவே நீதிபதிகளின் உயர்வைப் பொறுத்தவரை அந்த ரத்து செல்லாது என்று தீர்ப்பு. சட்டப்படி அதில் நியாயம் இல்லாமல் இல்லை. ஆனாலும் படிக்கும்போது சிரிப்பு வரும்.

அதே 2005 நவம்பரில்தான் லுசர்ன் கவுண்டியில் மார்க் சியாவரெல்லா என்ற நீதிபதிக்கு வாக்காளர்கள் இன்னொரு 10 வருடம் கொடுத்தார்கள். அவரும் சக நீதிபதி ஒருவரும் தனியார் சிறார் காப்பகத் தொழிலில் இருந்தவர்களிடம் பணம் வாங்கிய விவகாரம் பின்னால் வெளியே வந்தது, சின்னத் தப்புக்கெல்லாம் பிள்ளைகளை அங்கே அனுப்பியிருக்கிறார், மாநில உச்ச நீதிமன்றம் 2009-இல் அவர் தீர்த்த ஆயிரக்கணக்கான சிறார் வழக்குகளை ரத்து செய்ய வேண்டி வந்தது, அவருக்கு 28 வருடச் சிறை. ஆக ஒரே நாளில் தன் கையில் இல்லாத விஷயத்துக்கு ஒருவர் வீட்டுக்குப் போனார், போக வேண்டியவர் நாற்காலியில் தங்கினார். இந்த முறையைப் பற்றி என்னிடம் யாராவது ரொம்பப் பெருமையாகப் பேசினால் இந்த இரண்டையும் சேர்த்துச் சொல்வேன்.

சீட்டில் இருக்கும் வாசகத்தையும் நிதானமாகப் படியுங்கள், அது இன்னொரு பாடம். ஓய்வு வயது முன்பு 70. அதை 75 ஆக்க 2016-இல் மக்களிடம் கேட்டார்கள். ஏப்ரல் சீட்டில் 70-ஐ 75 ஆக உயர்த்தலாமா என்று தெளிவாக இருந்தது. கடைசி நேரத்தில் சட்டமன்றம் அந்தக் கேள்வியைத் தள்ளிவைத்துவிட்டது, ஆனாலும் சீட்டில் அச்சாகியிருந்ததால் ஜனங்கள் ஓட்டுப் போட்டார்கள், செல்லாத அந்த எண்ணிக்கையில் வேண்டாம் என்பதே கொஞ்சம் முன்னால் இருந்தது. நவம்பரில் கேள்வி வேறு உருவில் வந்தது: நீதிபதிகள் 75 வயதில் ஓய்வு பெற வேண்டும் என்று ஆக்கலாமா? 70 என்ற எண்ணே இல்லை. ஓய்வு வயதே இதுவரை இல்லை போலிருக்கிறது, வைத்தால் நல்லதுதானே என்று யாரும் நினைக்கலாம். முன்னாள் தலைமை நீதிபதிகள் இரண்டு பேரே இது ஏமாற்று என்று வழக்குப் போட்டார்கள், அப்போதைய தலைமை நீதிபதிக்கே அந்த வருடம் 70 ஆகிறது என்பதால் அவர் ஒதுங்கிக்கொண்டார், மீதி ஆறு பேர் 3-க்கு 3. கேள்வி அப்படியே போய் மயிரிழையில் ஜெயித்தது.

நம் ஊரில் இல்லாதது இங்கே ஏன் என்று கேட்டிருக்கிறீர்கள். இந்த நாட்டிலும் ஆரம்பத்தில் இல்லை. கவர்னரும் சட்டமன்றமும் தங்களுக்கு வேண்டியவர்களை வைக்கிறார்கள் என்ற கோபத்தில்தான் மக்களே தேர்ந்தெடுக்கட்டும் என்று ஆனது, 1832-இல் மிசிசிப்பி எல்லா நீதிபதிகளையும் தேர்தலுக்கு விட்டது, பிறகு ஒவ்வொரு மாநிலமாகத் தொற்றியது. அப்புறம் கட்சித் தலைவர்கள் நீதிபதி சீட்டையும் கைக்குள் போட்டுக்கொண்டார்கள். அதற்கு மருந்தாக 1940-இல் மிசௌரி ஒரு வழி கண்டது: ஒரு நீதிபதி, வழக்கறிஞர்கள் தேர்ந்தெடுத்த மூன்று பேர், கவர்னர் நியமித்த வழக்கறிஞர் அல்லாத மூன்று பேர் என்று ஏழு பேர் குழு, அவர்கள் மூன்று பெயர் கொடுப்பார்கள், கவர்னர் அதில் ஒன்றை எடுப்பார், ஒரு வருடமாவது வேலை பார்த்த பிறகு மக்கள் யெஸ், நோ சொல்வார்கள், யெஸ் என்றால் 12 வருடம். பென்சில்வேனியாவிலும் அதைக் கொண்டுவரப் பார்த்தார்கள், 1969-இல் மக்கள் ஒப்புக்கொள்ளவில்லை. அதனால்தான் நம்மிடம் தலை தேர்தல், வால் மிசௌரி என்று ஒரு கலப்பு. வர்ஜீனியாவிலும் தென் கரோலைனாவிலும் சட்டமன்றமே ஓட்டுப் போட்டு நீதிபதியைத் தேர்ந்தெடுக்கிறது. டெக்ஸஸில் ஒவ்வொரு 6 வருடமும் கட்சிச் சண்டைதான்.

நாளெல்லாம் கோர்ட்டில் நிற்கிறவன் என்ற முறையில் என் அபிப்பிராயம் இது. நீதிபதி எந்த வாசல் வழியாக உள்ளே வந்தார் என்பதில் எனக்குப் பெரிய கவலை இல்லை. உள்ளே வந்தபின் அந்த நாற்காலியில் நீடிக்க அவர் மறுபடி யார் முகத்தைப் பார்க்க வேண்டும், எத்தனை வருடத்துக்கு ஒரு தடவை என்பதுதான் விஷயம். நியூ ஜெர்சியைப் பாருங்கள், தேர்தலே கிடையாது. கவர்னர் நியமிக்கிறார், 7 வருடம் கழித்து மறுபடி நியமித்தால் 70 வயது வரை கவலையில்லை. கேட்க எவ்வளவு அழகாக இருக்கிறது? 2010-இல் கவர்னர் கிறிஸ் கிறிஸ்டி, ஜான் வாலஸ் என்ற நீதிபதியை மறுபடி நியமிக்கவே இல்லை. அவர்மேல் புகார் எதுவும் கிடையாது, அந்த நீதிமன்றம் போகும் போக்கு கவர்னருக்குப் பிடிக்கவில்லை, 70 ஆக இரண்டு வருடம்கூட இல்லாத மனிதர் வீட்டுக்குப் போனார். ஐயோவாவில் மிசௌரி மாதிரி முறை, 8 வருடத் தவணை. 2009-இல் ஒரே பாலினத் திருமணத்தை ஏழு பேரும் ஒருமனதாக அனுமதித்தார்கள், அடுத்த வருடம் சீட்டில் வந்த மூவரையும் மக்கள் அனுப்பிவிட்டார்கள். கலிஃபோர்னியாவில் 1986-இல் மரண தண்டனை விவகாரத்தில் தலைமை நீதிபதி ரோஸ் பேர்டும் இன்னும் இருவரும் போனார்கள். ஒரு தீர்ப்பு பிடிக்காமல் நோ போடும் உரிமை வாக்காளருக்கு உண்டு, இல்லை என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் அடுத்த நீதிபதி பேனாவை எடுக்கும்போது அது அவர் ஞாபகத்துக்கு வரும், உங்கள் வழக்கிலும் வரும்.

பணம் அதைவிட மோசம். மேற்கு வர்ஜீனியாவில் ஒரு நிலக்கரி நிறுவனத்துக்கு எதிராக 5 கோடி டாலர் தீர்ப்பு, மேல்முறையீடு வரப்போகிறது. நிறுவனத் தலைவர் டான் பிளாங்கன்ஷிப் 2004 நீதிபதி தேர்தலில் 30 லட்சம் டாலர் செலவழித்து பிரென்ட் பெஞ்சமின் ஜெயிக்க உதவினார். வழக்கு வந்தது, பெஞ்சமின் ஒதுங்க மறுத்தார், 3-க்கு 2 என்று நிறுவனம் ஜெயித்தது. 2009-இல் வாஷிங்டன் 5-க்கு 4 என்று அவர் ஒதுங்கியிருக்க வேண்டும் என்றது. மறுபடி விசாரித்தபோது அவர் இல்லாமலேயே நிறுவனம்தான் ஜெயித்தது என்பது வேறு கதை, ஆனால் அதற்குள் நீதிமன்றத்தின் பெயர் போயாகிவிட்டது. விஸ்கான்சினில் 2025 ஏப்ரலில் ஒரே ஒரு நாற்காலிக்கு 10 கோடி டாலரை ஒட்டிச் செலவாயிற்று, எலான் மஸ்க்கும் அவர் பக்கத்துக் குழுக்களும் 2 கோடிக்கு மேல் கொட்டினார்கள், அவர்கள் ஆதரித்தவர் பத்துப் புள்ளி வித்தியாசத்தில் சூசன் கிராஃபர்டிடம் தோற்றார். நம் பென்சில்வேனியாவில் தனிநபர் எவ்வளவு வேண்டுமானாலும் கொடுக்கலாம், உச்ச வரம்பே இல்லை. வேட்பாளர் தன் வாயால் கேட்கக் கூடாது, அவருடைய குழு கேட்கும். யார் கொடுத்தார்கள் என்ற பட்டியலில் வழக்கறிஞர்கள் பெயர் நிறைய இருக்கும். நான் கொடுப்பதில்லை. கொடுக்கிற நண்பர்கள் உண்டு, அவர்களில் யாரையும் நான் கெட்டவர் என்று சொல்ல மாட்டேன், ஆனால் எனக்கு ஒப்பவில்லை.

இந்தியாவின் கொலீஜியம் முறையைப் பற்றி நீங்கள் கேட்கவில்லை, ஆனால் மனதில் இருக்கும் என்று தெரியும். அங்கே மூத்த நீதிபதிகளே அடுத்த நீதிபதிகளைப் பரிந்துரைக்கிறார்கள், உயர் நீதிமன்றத்தில் 62, டெல்லியில் 65 வரை யார் முன்னாலும் ஓட்டுக்கு நிற்க வேண்டாம். அது பெரிய விடுதலைதான். ஆனால் ஏன் இவர், ஏன் அவர் இல்லை என்று கேட்கச் சாதாரண ஆளுக்கு வழியில்லை, மாற்றல் இருக்கிறது, ஓய்வுக்குப் பிறகு கிடைக்கும் பதவிகள் இருக்கின்றன. முகம் பார்க்க வேண்டிய ஆள் மாறுகிறார், அவ்வளவுதான்.

அடுத்த தடவைக்கு வருவோம். 2027 நவம்பரில் டெப்ரா டாடும் சாலி மண்டியும் யெஸ், நோவுக்கு வருவார்கள், ஒருவர் டெமாக்ரட்டாக வந்தவர், மற்றவர் ரிபப்ளிகனாக வந்தவர், டோனஹ்யூ இடத்துக்குக் கட்சித் தேர்தலும் நடக்கும். ஆகவே கட்சி பார்த்து எல்லாவற்றுக்கும் ஒரே பதில் போடுகிறவர்களுக்கே அந்த வருடம் கொஞ்சம் குழப்பம்தான்.

நான் என்ன செய்வேன் என்று சொல்கிறேன், நீங்கள் அப்படியே செய்ய வேண்டியதில்லை. தக்கவைப்புக் கேள்வியில் என் ஆரம்பப் புள்ளி யெஸ். இந்த ஆள் வேலையைச் செய்கிறாரா என்பதுதான் கேள்வி, எனக்குப் பிடித்த முடிவைத் தருகிறாரா என்பதில்லை. நோ போட எனக்கு ஒரு காரணம் வேண்டும்: ஒழுங்கு நடவடிக்கை, ஒதுங்க வேண்டிய வழக்கில் ஒதுங்காதது, பொய், திறமையின்மை. நீதிபதிகளின் நடத்தையை விசாரிக்க இங்கே ஒரு வாரியமும் தண்டிக்க அதற்கென்றே ஒரு நீதிமன்றமும் 1993-லிருந்து இருக்கின்றன, குற்றச்சாட்டுப் பதிவானால் அது ரகசியம் இல்லை, தேடினால் கிடைக்கும். இங்கே அதெல்லாம் நடக்காத விஷயமும் இல்லை. ஜோன் ஓரி மெல்வின் என்ற உச்ச நீதிமன்ற நீதிபதி அரசு ஊழியர்களைத் தன் தேர்தல் வேலைக்குப் பயன்படுத்தியதற்காக 2013-இல் தண்டனை பெற்றார். மாநில வழக்கறிஞர் சங்கத்தின் மதிப்பீட்டுக் குழு ஒவ்வொருவரையும் பரிந்துரைக்கிறோம், இல்லை என்று வெளியிடும், அதைப் பாருங்கள், வேதமாக எடுத்துக்கொள்ள வேண்டாம். அப்புறம் ஒரே ஒரு வேலை. அந்த நீதிபதி எழுதிய தீர்ப்பு ஒன்றை நீதிமன்றத்தின் தளத்திலிருந்து எடுத்து முதல் ஐந்து பக்கம் படியுங்கள், முடிந்தால் உங்களுக்குப் பிடிக்காத தீர்ப்பாகப் பார்த்து எடுங்கள். தோற்றவரின் வாதத்தை நியாயமாக எடுத்துச் சொல்லிவிட்டு மறுக்கிறாரா, இல்லை அதைக் கண்டுகொள்ளாமலே தாண்டிப் போகிறாரா என்று உங்களுக்கே தெரியும். சட்டம் படித்திருக்க வேண்டாம். வாட்ஸாப் குழுவில் ஒரு வாரம் படிப்பதைவிட இது குறைந்த நேரம்தான் ஆகும்.

கவுண்டி நீதிபதிக்கும் 10 வருடம், பிறகு யெஸ், நோ, எல்லாம் அதே மாதிரிதான். ஆனால் அங்கே தீர்ப்பைத் தேடிப் படிப்பதைவிட ஒரு நாள் காலையில் கோர்ட் அறையில் பின்பெஞ்சில் உட்கார்ந்து பாருங்கள், யார் வேண்டுமானாலும் போகலாம். வக்கீல் வைக்க முடியாமல் தானே வந்து நிற்கிற ஆளிடம் அவர் எப்படிப் பேசுகிறார் என்று கவனியுங்கள். உங்கள் வீட்டுக்காரர் வழக்கு வேறொரு நீதிபதியிடம் இருந்தால் அங்கே போய்ப் பழகலாம், அதே அறை என்றால் வழக்கு முடியட்டும்.

மகனிடம் ஒன்று சொல்லிவிடுங்கள். அவன் சொன்னது ஒரு மாநிலத்துக்கு அச்சு அசலாகப் பொருந்தும். ரோட் ஐலண்டில் உச்ச நீதிமன்ற நீதிபதிக்குத் தவணையும் இல்லை, ஓய்வு வயதும் இல்லை, ஆயுள் வரைக்கும் ஜட்ஜ்தான்.